பீட்டா-லாக்டம்: ஒரு வளையமும் பல வழக்குகளும்

குழந்தைக்குக் காது வலி என்று போனால் டாக்டர் அமாக்ஸிசிலின் சிரப் எழுதிக் கொடுப்பார். மருந்துக் கடையில் கைக்கு வருவதோ, அடியில் கொஞ்சம் தூள் கிடக்கும் பாட்டில். காய்ச்சி ஆறவைத்த தண்ணீரை லேபிளில் உள்ள கோடு வரை ஊற்றிக் குலுக்க வேண்டும். கலக்கிய மருந்தை ஃபிரிட்ஜில் வைத்து, பெரும்பாலும் ஏழு நாளுக்குள் கொடுத்து முடிக்க வேண்டும். மீதி இருந்தால் கொட்டிவிட வேண்டும். பாராசிட்டமால் சிரப் கடை அலமாரியில் மாதக் கணக்கில் திரவமாகவே இருக்கிறது. இதற்கு மட்டும் என்ன கெடுபிடி என்று பெற்றோருக்குத் தோன்றும். தண்ணீர் பட்ட நேரத்திலிருந்து அமாக்ஸிசிலின் மூலக்கூறுகள் கொஞ்சம் கொஞ்சமாக உடையத் தொடங்குவதுதான் காரணம். மூலக்கூறில் முதலில் உடைவது நான்கே அணுக்கள் கொண்ட ஒரு சிறு வளையம். அதற்குப் பெயர் பீட்டா-லாக்டம்.

இந்தச் சொல்லை வேதியியலாளர் ஒரு பொருளில் சொல்கிறார், வார்டு டாக்டர் இன்னொரு பொருளில் சொல்கிறார். நுண்ணுயிரியல் ஆய்வகத்தில், மருந்துத் தொழிற்சாலையில், ஒவ்வாமை அட்டையில் என்று போகும் இடமெல்லாம் அதன் எல்லை கொஞ்சம் நகர்கிறது. வேதியியலில் அது கறாரான சொல். மருத்துவமனைக்குள் நுழைந்ததும் தளர்ந்துவிடுகிறது. அந்தத் தளர்வுக்கு விலை கொடுப்பவர் நோயாளி என்பதே என் கட்சி.

முதலில் பெயர். லாக்டிக் அமிலம் பாலிலிருந்து வந்த பெயர். அந்த வழியில் வளைய வடிவ எஸ்டர்களுக்கு லாக்டோன் என்று பெயர் வந்தது. ஆக்சிஜன் இருக்க வேண்டிய இடத்தில் நைட்ரஜன் உட்கார்ந்து எஸ்டர் அமைடாக மாறினால் அது லாக்டம். பெயரின் வேரில் பால் இருக்கிறதே தவிர மருந்தில் பாலும் இல்லை, பால் சர்க்கரையும் இல்லை. பால் ஒத்துக்கொள்ளாதவர் இந்தப் பெயரைப் பார்த்து அஞ்ச வேண்டியதில்லை. பால் சர்க்கரையைச் செரிக்கும் லாக்டேஸ் வேறு, பின்னால் வரப்போகும் லாக்டமேஸ் வேறு.

'பீட்டா' என்பது வளையத்தின் அளவைச் சொல்கிறது. ஆக்சிஜனோடு இரட்டைப் பிணைப்பு கொண்ட கார்பனுக்கு அடுத்த கார்பன் ஆல்ஃபா. அதற்கும் அடுத்தது பீட்டா. நைட்ரஜன் அந்தப் பீட்டா கார்பனைப் பிடித்துக்கொண்டு வளையத்தை மூடினால் மூன்று கார்பன், ஒரு நைட்ரஜன் என நான்கு முனைகள். காமாவில் மூடினால் ஐந்து முனை, டெல்டாவில் ஆறு. எப்சிலான் வரை போனால் ஏழு முனை கொண்ட காப்ரோலாக்டம். மீன்வலை நூலாகும் நைலான்-6 தயாராவது அதிலிருந்துதான். அந்தப் பெரிய வளையங்கள் எல்லாம் சாதுவானவை. நான்கு முனை வளையத்தில் மட்டும்தான் வில்லங்கம்.

அமைடு பிணைப்பு இயல்பில் சோம்பேறி. நம் உடம்பின் புரதங்களைக் கோத்து வைத்திருப்பதும் அமைடு பிணைப்பே. அது கண்டபடி உடைந்தால் நாம் இருக்க மாட்டோம். அதில் உள்ள கார்பனின் பிணைப்புகள் ஏறத்தாழ 120 பாகைக் கோணத்தில் விரிந்திருக்க விரும்புகின்றன. நான்கு முனை வளையத்துக்குள் அடைபட்டால் 90 பாகைக்குக் குறுக வேண்டியிருக்கிறது. பெனிசிலினில் இந்த வளையத்தோடு கந்தகம் உள்ள ஐந்து முனை வளையம் ஒன்றும் ஒட்டியிருப்பதால் நெருக்கடி இன்னும் கூடுகிறது. நைட்ரஜன் தன் எலக்ட்ரான் இணையை அமைடுக்குப் பகிர்ந்து நிலைப்படுத்தும் வழக்கமான ஏற்பாடும் அங்கே சரியாக நடப்பதில்லை. வளைத்துக் கட்டிய மூங்கில் பிளாச்சு மாதிரி, கட்டை யாராவது தொட்டால் போதும் என்று வளையம் காத்திருக்கிறது.

தொடுவது பாக்டீரியாவின் நொதி. பாக்டீரியாக்களில் பெரும்பாலானவற்றைச் சுற்றிப் பெப்டிடோகிளைக்கான் என்ற உறுதியான சுவர் உண்டு. சர்க்கரைச் சங்கிலிகளைச் சிறு பெப்டைடுகள் குறுக்கே பின்னி அதை இறுக்குகின்றன. பின்னும் வேலையைச் செய்யும் நொதிகள், பெப்டைடின் நுனியில் அடுத்தடுத்து இருக்கும் இரண்டு டி-அலனின் அமினோ அமிலங்களை அடையாளம் கண்டு பிடிக்கின்றன. பீட்டா-லாக்டம் மருந்து அந்த நுனியின் சாயலில் இருப்பதால்தான் நொதி ஏமாறுகிறது என்று ஆய்வாளர்கள் டிப்பரும் ஸ்ட்ரோமிங்கரும் 1965-ல் விளக்கினார்கள். நொதியில் உள்ள செரீன் என்ற அமினோ அமிலம் வளையத்தைத் தாக்குகிறது, வளையம் திறந்து நொதியோடு ஒட்டிக்கொள்கிறது, நொதி முடங்குகிறது. பெப்டைடு என்றால் வேலை முடிந்ததும் விலகியிருக்கும். இது எளிதில் விலகாது. சுவர் கட்டும் வேலை நின்றுபோக, உள்ளழுத்தம் தாங்காமல் பாக்டீரியா வெடிக்கிறது.

மனித செல்லுக்கு இப்படிச் சுவர் கிடையாது. இந்த மருந்துகளைப் பெரிய அளவில் கொடுத்தாலும் நம் உடல் பெரும்பாலும் தாங்குவது அதனால்தான். வைரஸுக்கும் சுவர் இல்லை. எனவே சளிக் காய்ச்சலுக்கு அமாக்ஸிசிலின் சாப்பிடுவது வீண். சுவரே இல்லாத மைக்கோபிளாஸ்மா என்ற பாக்டீரியாவிடமும் வளையத்தின் ஜம்பம் பலிப்பதில்லை.

ஆக, வளையத்தின் பலமும் பலவீனமும் ஒன்றுதான். எந்த நெருக்கடி நொதியை முடக்குகிறதோ அதே நெருக்கடிதான் சிரப் பாட்டிலில் தண்ணீருக்கும் வழிவிடுகிறது. ஆதிப் பெனிசிலினான பென்சைல் பெனிசிலின் இரைப்பை அமிலத்தில் சிதைந்துவிடும் என்பதால் அதை ஊசியாகத்தான் போட வேண்டும். பக்கச் சங்கிலியில் ஒரு ஆக்சிஜனைச் சேர்த்த பெனிசிலின்-வி அமிலத்தைத் தாங்குகிறது. அதனால் மாத்திரையாக வந்தது. இமிபெனத்தை நம் சிறுநீரகத்தில் உள்ள ஒரு நொதியே உடைத்துவிடும். அந்த நொதியைத் தடுக்கச் சிலாஸ்டாட்டின் என்ற துணை மருந்தைச் சேர்த்தே ஊசி போடுகிறார்கள். இந்த மருந்துகளின் வரலாற்றில் பாதி, வளையத்தை எப்படிக் காப்பாற்றுவது என்ற வரலாறுதான்.

வளையம் மருந்தைவிட மூத்தது. ஜெர்மானிய வேதியியலாளர் ஹெர்மன் ஸ்டாடிங்கர் 1907-லேயே அதை ஆய்வகத்தில் உண்டாக்கிவிட்டார். பிற்பாடு நோபல் பரிசு பெற்றது பாலிமர் ஆய்வுக்காக. இந்த வளையம் ஒரு வேடிக்கைப் பொருளாக ஏடுகளில் தூங்கியது. ஃபிளெமிங் 1928-ல் லண்டனில் பெனிசிலின் பூஞ்சையைக் கவனித்தபோதும் அதற்குள் இருப்பது இந்த வளையம் என்று யாரும் கனவு காணவில்லை.

ஆக்ஸ்ஃபோர்டில் ஃபுளோரி, செயின், ஹீட்லி ஆகியோர் மருந்தைப் பிரித்தெடுத்த பிறகு அதன் அமைப்பு என்ன என்பதில் பெரும் சண்டை மூண்டது. மூலக்கூறில் கந்தகம் இருப்பதே 1943 வரை கண்ணில் படவில்லை. அதே ஆண்டு எட்வர்ட் ஆபிரகாமும் செயினும் நான்கு முனை வளையம்தான் என்று முன்வைத்தார்கள். அன்றைய பிரிட்டிஷ் வேதியியலின் பெரிய தலை ராபர்ட் ராபின்சன் ஏற்கவில்லை. ஆக்ஸசோலோன் அமைப்பு என்று அடித்துச் சொன்னார். இவ்வளவு நிலையற்ற வளையத்தைப் பூஞ்சை ஏன் கட்டப்போகிறது என்பது அந்தக் காலத்தில் நியாயமான கேள்விதான். பீட்டா-லாக்டம் என்று நிரூபணமானால் வேதியியலை விட்டுவிட்டுக் காளான் வளர்க்கப் போகிறேன் என்று இளம் ஜான் கார்ன்ஃபோர்த் சொன்னதாக ஒரு கதை உண்டு. டோரதி ஹாட்ஜ்கின், பார்பரா லோவுடன் சேர்ந்து பெனிசிலின் உப்புகளின் படிகங்களில் எக்ஸ்-கதிர் பாய்ச்சி, 1945-ல் வழக்கை முடித்து வைத்தார். வளையம் இருந்தது. கார்ன்ஃபோர்த் காளான் வளர்க்கப் போகவில்லை. 1975-ல் வேதியியலுக்கே நோபல் வாங்கினார்.

பெயரிடும் முறைக்கு வருவோம். இங்கேதான் சொல்லின் முழுப் பயனும் தெரிகிறது. நான்கு முனை வளையம் எல்லாவற்றுக்கும் பொது. பக்கத்தில் எது ஒட்டியிருக்கிறது என்பதை வைத்துக் குடும்பங்கள் பிரிகின்றன. கந்தகம் உள்ள ஐந்து முனை வளையம் ஒட்டினால் பெனம். பெனிசிலின், ஆம்பிசிலின், அமாக்ஸிசிலின் எல்லாம் இந்த வீட்டுப் பிள்ளைகள். ஆறு முனை வளையம் ஒட்டினால் செஃபெம், செஃபலோஸ்போரின்கள். இத்தாலியின் சார்டீனியாத் தீவில், கலியாரி நகரச் சாக்கடை கடலில் கலக்கும் இடத்தில் ஜுசெப்பே ப்ரோட்சு 1945-ல் கண்டெடுத்த பூஞ்சையிலிருந்து கிளைத்த குடும்பம் இது. இன்று நம்மூர் ஆஸ்பத்திரிகளில் கைக்கும் வாய்க்கும் வரும் செஃப்ட்ரியாக்ஸோன், செஃபிக்ஸிம் வரை இதன் கிளைகள்தான். கந்தகத்தின் இடத்தில் கார்பனை வைத்து ஓர் இரட்டைப் பிணைப்பும் சேர்த்தால் கார்பபெனம்: இமிபெனம், மெரோபெனம். ஒட்டு வளையமே இல்லாமல் தனியாக நிற்பது மோனோபாக்டம். நடைமுறையில் அஸ்ட்ரியோனாம் ஒன்றுதான்.

வார்டில் "பீட்டா-லாக்டம் கொடுக்கலாம்" என்று டாக்டர் சொன்னால் இந்த நான்கு குடும்பங்களில் ஒன்றை மனத்தில் வைத்துச் சொல்கிறார். வேதியியல் வரையறைப்படி பார்த்தால் இதிலேயே ஒரு பிசகு இருக்கிறது. கொலஸ்ட்ராலைக் குறைக்கச் சாப்பிடும் எஸிட்டிமைப் மாத்திரையிலும் பீட்டா-லாக்டம் வளையம் உண்டு. அது எந்தப் பாக்டீரியாவையும் கொல்வதற்காகக் கொடுக்கப்படுவதில்லை. வேதியியலில் பீட்டா-லாக்டம் ஒரு வடிவம்; மருத்துவத்தில் ஒரு மருந்துக் குலம். இரண்டும் பெரும்பாலும் ஒத்துப்போவதால் யாரும் சட்டை செய்வதில்லை.

'பாக்டம்' என்ற விகுதி இதைவிடக் குழப்பும். கிளாவுலானிக் அமிலம், சல்பாக்டம், டாஸோபாக்டம் மூன்றும் உண்மையிலேயே பீட்டா-லாக்டம் வளையம் கொண்டவை. அவற்றைப் பின்பற்றிப் பெயர் பெற்ற அவிபாக்டம், ரெலிபாக்டம், வாபோர்பாக்டம் மூன்றிலும் அந்த வளையம் கிடையாது. செய்யும் வேலை ஒன்று என்பதால் விகுதியை இரவல் கொடுத்துவிட்டார்கள். பெயரைப் பார்த்து அமைப்பை ஊகிக்கும் மாணவர் தேர்வில் வழுக்கி விழும் இடம் இது.

அந்த வேலை என்னவென்றால், பீட்டா-லாக்டமேஸைத் தடுப்பது. லாக்டமேஸ் என்பது வளையத்தை உடைக்கவே பாக்டீரியா வைத்திருக்கும் நொதி. ஆபிரகாமும் செயினும் அதை 1940 டிசம்பரில் நேச்சர் இதழில் அறிவித்தார்கள். ஆக்ஸ்ஃபோர்டில் போலீஸ்காரர் ஒருவருக்கு முதன்முதலாகப் பெனிசிலின் சிகிச்சை தொடங்கியது 1941 பிப்ரவரியில். மருந்து நோயாளியைத் தொடும் முன்பே அதன் எமனைக் கண்டுபிடித்து எழுதிவைத்துவிட்டார்கள்.

இந்த நொதி வேலை செய்வதைக் கண்ணாலேயே பார்க்க ஒரு வழி இருக்கிறது. நைட்ரோசெஃபின் என்ற செஃபலோஸ்போரினை ஊறவைத்த காகித வில்லை மஞ்சளாக இருக்கும். அதைக் கொஞ்சம் ஈரமாக்கி, தட்டில் வளர்ந்த பாக்டீரியாவைக் குச்சியால் எடுத்துத் தடவுவார்கள். ஸ்டெஃபைலோகாக்கஸ் போன்ற சிலவற்றுக்கு நேரமெடுக்கும். பல பாக்டீரியாக்களுக்குச் சில நிமிடம் போதும். தடவிய இடம் சிவந்துவிட்டால் வளையம் உடைந்துவிட்டது என்று பொருள். இவ்வளவு கறாரான வேதியியல் செய்தியை இவ்வளவு மலிவாகச் சொல்லும் சோதனை வேறொன்று எனக்குத் தெரியவில்லை.

ஆனால் 'பீட்டா-லாக்டம் எதிர்ப்பு' என்றாலே லாக்டமேஸ் என்று எடுத்துக்கொள்வது தவறு. மெத்திசிலின் லாக்டமேஸுக்கு அசையாதபடி வடிவமைக்கப்பட்ட மருந்து. அது புழக்கத்துக்கு வந்த கையோடு, 1961-லேயே அதை எதிர்க்கும் ஸ்டெஃபைலோகாக்கஸ் பிரிட்டனில் பதிவானது. அந்தப் பாக்டீரியா வளையத்தை உடைக்கவில்லை. மருந்து ஒட்டிக்கொள்ள முடியாத வேறொரு சுவர் கட்டும் நொதியை வைத்துக்கொண்டது. இத்தகைய பாக்டீரியாவிடம் லாக்டமேஸ் தடுப்பான் சேர்த்த கூட்டு மருந்தைக் கொடுப்பதால் பயனில்லை. ஆய்வக அறிக்கையில் ஒரே 'எதிர்ப்பு' என்ற சொல்லுக்குள் இரண்டு வேறு கதைகள் ஒளிந்திருக்கின்றன.

லாக்டமேஸ்களை இன்று ஏ, பி, சி, டி என்று நான்கு வகுப்பாகப் பிரிக்கிறார்கள். ஏ, சி, டி மூன்றும் செரீனைக் கொண்டு வெட்டுபவை. பி வகுப்புத் துத்தநாக அயனியைக் கொண்டு வெட்டும். இந்த பி வகுப்பில்தான் நம்மைச் சுட்ட பெயர் இருக்கிறது. நியூ டெல்லி மெட்டலோ-பீட்டா-லாக்டமேஸ், சுருக்கமாக என்டிஎம்-1. டெல்லியில் சிகிச்சை பெற்றுச் சுவீடன் திரும்பிய ஒருவரிடம் கண்டறியப்பட்டு 2009-ல் அந்தப் பெயர் பெற்றது. 2010-ல் லான்செட் தொற்றுநோய் இதழில் வந்த கட்டுரையின் முதல் ஆசிரியர் சென்னைப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த கார்த்திகேயன் குமாரசாமி. சென்னையில் 44, ஹரியானாவில் 26, பிரிட்டனில் 37, இந்தியா-பாகிஸ்தானின் பிற இடங்களில் 73 பாக்டீரியா மாதிரிகளில் நொதி இருந்ததாக அது சொன்னது. தலைநகரின் பெயரை ஒரு நொதிக்கு வைத்ததற்கு இந்திய அரசு கொதித்தது. மருத்துவச் சுற்றுலாவைக் கெடுக்கும் சதி என்றும் பேச்சு எழுந்தது. பெயர் குறித்த மனக்குறையில் நியாயம் உண்டு. நோயாளியின் ஊரையோ பெயரையோ நொதிக்குச் சூட்டும் பழக்கம் அத்துறையில் பழையது என்பதும் உண்மை. நாம் சண்டையைப் பெயரோடு நிறுத்திக்கொண்டிருந்தால் வெட்கக்கேடாகப் போயிருக்கும். நல்லவேளை, 2012-ல் மருத்துவச் சங்கங்கள் கூடி 'சென்னைப் பிரகடனம்' வெளியிட்டன. 2014 மார்ச் முதல் மூன்றாம் தலைமுறைச் செஃபலோஸ்போரின்களும் கார்பபெனங்களும் ஹெச்-1 அட்டவணைக்கு வந்தன. மருந்துச் சீட்டு இல்லாமல் விற்கக் கூடாது. எழுதிய டாக்டர், வாங்கிய நோயாளி, அளவு எல்லாவற்றையும் தனிப் பதிவேட்டில் எழுதி மூன்றாண்டு வைத்திருக்க வேண்டும். எத்தனை கடைகளில் அந்தப் பதிவேடு ஒழுங்காக நிரம்புகிறது என்பதை நீங்களே உங்கள் தெருக்கோடியில் பார்த்துக்கொள்ளலாம்.

சென்னைக்கு இன்னொரு பங்கும் உண்டு. சென்னையின் ஆர்கிட் நிறுவனத்தில் கண்டறியப்பட்ட என்மெடாஸோபாக்டம், செஃபெபிமுடன் சேர்ந்த கூட்டு மருந்தாக 2024 பிப்ரவரியில் அமெரிக்க ஒப்புதல் பெற்றது. டாஸோபாக்டத்தில் ஒரு மீத்தைல் கூட்டியதுதான் அது. இதில் வளையம் உண்டு, பெயர் ஏமாற்றவில்லை. ஆனால் துத்தநாக நொதியான என்டிஎம்மை இதனாலும் தடுக்க முடியாது.

மருந்துத் தொழிற்சாலையில் பீட்டா-லாக்டம் என்பது ஓர் எல்லைக்கோடு. பெனிசிலின் தூள் காற்றில் பறந்து வேறு மாத்திரையில் துளி கலந்தாலும் ஒவ்வாமை உள்ளவர் உயிருக்கு ஆபத்து. எனவே இவற்றைத் தயாரிக்கத் தனிக் கட்டடமும் தனிக் காற்றோட்ட வசதியும் வேண்டும் என்று இந்திய விதிகளும் பிறநாட்டு விதிகளும் வலியுறுத்துகின்றன. மருந்து ஆலைகளில் வேலை பார்ப்பவர்கள் பேச்சில் உலகமே பீட்டா-லாக்டம், நான்-பீட்டா-லாக்டம் என்று இரண்டாகத்தான் பிரிந்திருக்கும். இங்கே சொல் எவ்வளவு அகலமாக இருக்கிறதோ அவ்வளவு நல்லது. சந்தேகம் வந்தால் சேர்த்துப் பூட்டு என்பதே பாதுகாப்பு.

அதே அகலம் நோயாளியின் கோப்புக்கு வரும்போது கெடுதல் செய்கிறது. பெனிசிலின் உடலுக்குள் வளையம் திறந்து நம் புரதங்களின் லைசீனில் ஒட்டிக்கொள்கிறது. அந்தப் புதுச் சேர்க்கையைச் சிலரது எதிர்ப்பாற்றல் பகையாகப் பார்ப்பதே ஒவ்வாமை. செஃபலோஸ்போரினில் வளையம் திறந்ததும் மீதி அமைப்பு சிதறிவிடுவதால், எதிர்ப்பாற்றல் பெரும்பாலும் பக்கச் சங்கிலியைத்தான் அடையாளம் வைத்துக்கொள்கிறது. பெனிசிலின் ஒத்துக்கொள்ளாதவருக்குச் செஃபலோஸ்போரினும் பத்து சதவீத வாய்ப்பில் ஒத்துக்கொள்ளாது என்பது பழைய கணக்கு. அன்றைய செஃபலோஸ்போரின்களில் பெனிசிலின் கலப்பு இருந்தது. இன்றைய மதிப்பீடு இரண்டு சதவீதத்தை ஒட்டியது. அதிலும் பக்கச் சங்கிலி ஒத்திருக்கிறதா என்பதே முக்கியம். செஃபாஸோலின் பக்கச் சங்கிலி தனி ரகம் என்பதால் பெனிசிலின் ஒவ்வாமை உள்ள பலருக்கும் அது ஒத்துக்கொள்கிறது. வளையம் மட்டும் பொதுவாக இருக்கும் அஸ்ட்ரியோனாம் பெனிசிலின் ஒவ்வாமையாளருக்குப் பாதகமில்லை; செஃப்டஸிடைம் ஒத்துக்கொள்ளாதவருக்கு மட்டும் ஜாக்கிரதை, ஏனென்றால் இரண்டுக்கும் ஒரே பக்கச் சங்கிலி. ஆக, 'பீட்டா-லாக்டம் அலர்ஜி' என்ற மூன்று சொல் குறிப்பு வேதியியல்படி பெரும்பாலும் பொய். குற்றவாளி அந்த வளையத்தைவிட அதன் ஓரத்தில் தொங்கும் சங்கிலியாகவே பல நேரம் இருக்கிறது.

அமெரிக்காவில் பத்தில் ஒருவர் தமக்குப் பெனிசிலின் அலர்ஜி என்கிறார். முறையாகச் சோதித்தால் உண்மையாக இருப்பவர் மக்கள்தொகையில் ஒரு சதவீதத்துக்கும் குறைவு. உண்மையான ஒவ்வாமையும் பத்தாண்டுகளில் ஏறத்தாழ 80 சதவீதத்தினரிடம் மறைந்துவிடுகிறது. குழந்தைப் பருவத்தில் வைரஸ் காய்ச்சலோடு வந்த தடிப்பு, மருந்து சாப்பிட்டதும் வந்த வயிற்றுப்போக்கு எல்லாம் 'அலர்ஜி' என்று எழுதப்பட்டு ஆயுள் முழுக்கக் கூடவே வருகின்றன. அப்படி எழுதப்பட்டவருக்கு அடுத்த முறை கடும் தொற்று வரும்போது, முதல் தேர்வாக இருக்க வேண்டிய மருந்தை விட்டு வான்கோமைசின், ஃபுளோரோகுவினலோன் என்று சுற்றுவழி போகிறார்கள். செலவும் பக்கவிளைவும் கூடுகின்றன. எதிர்ப்புப் பாக்டீரியாவும் பெருகுகிறது. நம் ஆஸ்பத்திரிகளில் முன்கையில் சிறு ஊசி குத்திப் பேனாவால் வட்டம் போட்டு, கால் மணி நேரம் பார்க்கும் டெஸ்ட் டோஸ் இதற்குத் தீர்வு ஆகாது. உரிய வினைப்பொருள் இல்லாமல் செய்யும் அந்தச் சோதனையில் சிவந்தாலும் சிவக்காவிட்டாலும் உறுதியாக எதையும் சொல்ல முடியாது. ஏற்கெனவே ஒவ்வாமை வந்தவரை மறு சோதனைக்கு உட்படுத்துவது, ஆபத்து வந்தால் உடனே கவனிக்கும் வசதியுள்ள இடத்தில், மருத்துவர் மேற்பார்வையில் நடக்க வேண்டிய வேலை.

உங்கள் கோப்பிலோ உங்கள் அப்பா அம்மா கோப்பிலோ அப்படி ஒரு வரி இருந்தால், அதை நீங்களாக அடித்துவிடாதீர்கள். அப்படியே விட்டுவிடவும் வேண்டாம். எந்த மருந்து, எந்த ஆண்டு, போட்ட எத்தனை நேரத்தில், என்ன நடந்தது, மூச்சுத் திணறியதா, முகம் வீங்கியதா, வெறும் அரிப்பா, பின்னால் அதே குடும்ப மருந்து எதையாவது ஒத்துக்கொண்டதா என்று கேட்டு எழுதி அடுத்த முறை டாக்டரிடம் கொடுங்கள். மருந்தின் முழுப் பெயரை எழுதுங்கள். 'பீட்டா-லாக்டம்' என்று மட்டும் எழுதாதீர்கள்.